மலை ரயில்களைப் படம்பிடிப்பதையே வாழ்நாள் பணியாகக் கொள்ளலாமா? நீலகிரித் தடத்தை முன்வைத்து ஒரு விவாதம்

நிழல்ஒளி எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். சென்னையில் ஒளிப்பதிவு உதவியாளராகச் சில ஆண்டுகளாகப் பணியாற்றி வருகிறேன். விளம்பரப் படங்களும் தொடர்களும் தொடர்ந்து வேலை கொடுத்தாலும், என் மனம் மலை ரயில்களின் மீதுதான் இருக்கிறது. மேட்டுப்பாளையம்–உதகை தடத்தைப் பற்றி ஒரு மணி நேர ஆவணப்படம் எடுக்க ஒரு சிறு நிறுவனம் முன்வந்து, ஒளிப்பதிவை என்னிடம் ஒப்படைக்க நினைக்கிறது. ஆனால் அவர்கள் அனுப்பியுள்ள காட்சிப் பட்டியலில் முக்கால்வாசி ட்ரோன் காட்சிகள். அந்த ரயிலில் பயணியாகப் பலமுறை சென்றிருக்கும் எனக்கு, வானத்திலிருந்து பார்த்தால் அதன் உயிர் அகப்படுமா என்ற ஐயம் தீரவில்லை. இந்தத் துறையில் நெடுங்காலம் உழைத்தவர்கள், இதையே தொழிலாகக் கொண்டு வாழ முடியுமா என்பதையும், கேமராவை எங்கே, எந்த நேரத்தில் வைக்க வேண்டும் என்பதையும் விரிவாகச் சொன்னால் நன்றியுடையவனாவேன்.

கல்லாறு எழுதியது:

உங்கள் ஐயம் சரியானது. ஒளிப்பதிவாளனாக நான் உழைத்த காலத்தின் பெரும்பகுதி டார்ஜிலிங், நீலகிரி, கால்கா–சிம்லா ஆகிய மூன்று தடங்களில்தான் கழிந்தது. யுனெஸ்கோ இவற்றை முறையே 1999, 2005, 2008 ஆகிய ஆண்டுகளில் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது; அதன் பிறகு இந்தத் தடங்களைக் கேட்டு வரும் தயாரிப்பாளர்களும் பெருகினார்கள். மூன்றையும் மலை ரயில் என்ற ஒரே பெயரில் அழைத்தாலும், கேமராவுக்கு அவை மூன்று வேறு பிறவிகள். டார்ஜிலிங் தடம் இரண்டடி அகலமே உடையது. கடை வாசல்களை உரசிக்கொண்டு சாலையோடு சாலையாக ஓடுவதால், ஒரு ஜீப்பில் கேமராவைக் கட்டிக்கொண்டு அருகிலேயே செல்லலாம். கால்கா–சிம்லா 96 கிலோமீட்டருக்குள் நூற்றுக்கும் மேற்பட்ட சுரங்கங்களைக் கடப்பதால், அங்கே வேலையெல்லாம் இருளுக்கும் வெளிச்சத்துக்கும் இடையில்தான். நீலகிரித் தடத்தில் அடிவாரத்துக் கல்லாறு நிலையத்துக்கும் குன்னூருக்கும் இடையே பல்தண்டவாளம் இருக்கிறது; அதாவது இரு தண்டவாளங்களுக்கும் நடுவே பற்கள் கொண்ட இரும்புப் பட்டை, எஞ்சினின் பல்சக்கரம் அதைப் பற்றிக்கொண்டுதான் ஏறும். அந்தப் பகுதியில் தடத்தை ஒட்டிச் சாலை பெரும்பாலும் கிடையாது. ஆகவே ரயிலுக்குள் இருக்க வேண்டும், அல்லது கேமராவைத் தோளில் சுமந்து நடந்து போய் முன்கூட்டியே காத்திருக்க வேண்டும்.

இந்தத் தடத்தில் நீங்கள் காட்ட வேண்டியது ஏற்றம். மேட்டுப்பாளையம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 326 மீட்டர், குன்னூர் சுமார் 1,712 மீட்டர். மிகச் செங்குத்தான இடங்களில் 12 அடி முன்னே போனால் ஓரடி மேலே ஏறியாக வேண்டும். காதால் கேட்கும்போது இது பெரிய ஏற்றமாகத் தோன்றும். ஃபிரேமில் அது ஐந்து பாகைக்கும் குறைவான சாய்வு. அகலமாகக் காட்டும் வைட் லென்ஸைப் போட்டுத் தடத்துக்கு நேர் எதிரே நின்றீர்கள் என்றால் அந்தச் சாய்வு அப்படியே மறைந்துபோகும், சமவெளியில் ஓடும் ரயிலுக்கும் இதற்கும் வேறுபாடே தெரியாது. அதைவிடக் கேடு, தண்டவாளத்துக்கு இணையாக ஃபிரேமை நேர்செய்து விடுவது. அப்போது ரயில் மட்டமாகவும் மரங்கள் சாய்ந்தும் தெரியும். பார்வையாளர் கேமராதான் கோணலாக இருக்கிறது என்று எண்ணிக்கொள்வார். டிரைபாடின் நீர்மட்டத்தை நம்புங்கள். மரங்கள் நேராக நிற்கட்டும், பெட்டிகளின் ஜன்னல் வரிசை அவற்றைச் சாய்வாக வெட்டிக்கொண்டு போகட்டும். பக்கவாட்டில் தொலைவில் நின்று, தொலைவை நெருக்கிக் காட்டும் டெலி லென்ஸில், ஒரு பாக்கு மரத்தையோ தந்திக் கம்பத்தையோ ஃபிரேமுக்குள் வைத்துக்கொண்டு எடுத்தால், அந்த ஐந்து பாகை கண்ணுக்குப் பெரிதாக உறைக்கும்.

அடுத்தது ஒளி. ரயில் காலை 7.10 மணிக்கு மேட்டுப்பாளையத்தை விட்டு, மலையின் கிழக்குப் பக்கச் சரிவில் ஏறி, நண்பகலை ஒட்டி உதகையை அடைகிறது. சரிவு முழுவதும் காலை வெயிலை வாங்குகிற நேரத்தில் ரயில் அதன் மேல் இருப்பது ஒளிப்பதிவாளனுக்குக் கிடைத்த பெரும் பேறு. சூரியன் ரயிலின் பின்புறம் இருப்பதால், மேலே நின்று கீழ்நோக்கிப் பார்க்கும் இடங்களில் பெரும்பாலும் கேமராவை நோக்கி வரும் எதிரொளி கிடைக்கும், நீராவி உள்ளிருந்து ஒளிர்வது போல் தெரியும். மாலையில் இறங்கும் ரயிலுக்கோ மலையே நிழல் போட்டுவிடுகிறது.

நீராவிக்கான எக்ஸ்போஷரைப் பற்றியும், அதாவது கேமராவுக்குள் எவ்வளவு ஒளியை விடுவது என்பதைப் பற்றியும், சொல்ல வேண்டும். பின்னணியில் கரும்பச்சைக் காடு, முன்னால் வெள்ளை வெளேர் என்ற ஆவி. காட்டைக் கணக்கில் எடுத்தால் ஆவி வெளிறி, விவரமே இல்லாத ஒரு வெள்ளைத் திட்டாகிவிடும். நான் எப்போதும் ஒரு சிறு இடத்தின் ஒளியை மட்டும் அளக்கும் ஸ்பாட் மீட்டரால் ஆவியை அளந்து, அதன் மடிப்புகள் தெரியும் அளவுக்கு லென்ஸின் திறப்பான அப்பர்ச்சரைக் குறைத்துக்கொண்டு, காடு இருண்டால் இருளட்டும் என்று விட்டுவிடுவேன். குளிர்ந்த காற்றில்தான் ஆவி உடனே குளிர்ந்து திரளும். வெயில் ஏறிய பிறகு அதே எஞ்சின் அதே அளவு ஆவியை விட்டாலும் கண்ணுக்குப் பாதிதான் தெரியும்.

முன்மேடை எழுதியது:

தம்பி, நான் இந்தத் தடத்தில் பிரேக்ஸ்மேனாகப் பணியாற்றி ஓய்வு பெற்றவன். கேமராவைப் பற்றி எனக்குத் தெரியாது. ஆனால் கேமராவோடு வருபவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

மேலே ஏறும்போது எஞ்சின் பின்னால் இருந்து தள்ளுகிறது. ஆகவே ஓட்டுநருக்கு முன்னே உள்ள தடம் தெரியாது. முதல் பெட்டியின் முன்மேடையில் நிற்கும் பிரேக்ஸ்மேன்தான் அவருக்குக் கண். தடத்தில் பாறை உருண்டு கிடக்கிறதா, யானை நிற்கிறதா என்று பார்த்து அவர் கொடியைக் காட்டுவார். ஒவ்வொரு பெட்டியிலும் ஒருவர் அந்தச் சைகையைக் கவனித்துக்கொண்டே இருப்பார். ஒருமுறை ஒரு படக்குழுவினர், ஃபிரேமில் காக்கிச் சட்டை தெரிகிறது, சற்று உள்ளே போங்கள் என்று முன்மேடையில் இருந்தவரிடம் கேட்டார்கள். அவர் நகரவில்லை. நகரவும் கூடாது. அந்தக் காக்கிச் சட்டையைத்தான் நீங்கள் படம் எடுக்க வேண்டும் என்று நான் நினைக்கிறேன்.

இன்னொன்றும் சொல்கிறேன். எல்லோரும் ரயில் ஏறுவதையே எடுக்கிறார்கள். எங்களுக்கு வேலை இறக்கத்தில்தான். பெட்டியில் சக்கரத்துக்கு ஒரு பிரேக், பல்சக்கரத்துக்கு ஒரு பிரேக் என இரண்டு உண்டு. இரண்டையும் கையால் இறுக்கியும் தளர்த்தியும், அடுத்த பெட்டியில் இருப்பவர் எவ்வளவு பிடித்திருக்கிறார் என்பதைப் பெட்டியின் குலுக்கலிலேயே அறிந்துகொண்டு, குன்னூரிலிருந்து கல்லாறு வரை இறங்க வேண்டும். மழை நாளில் அந்த இரும்புப் பிடி வழுக்கும். இறங்கி வந்து சேர்ந்த பிறகு உள்ளங்கையை விரித்தால் சிவந்து கிடக்கும். ஒருவராவது அந்தக் கைகளைப் படம் எடுத்ததாக எனக்கு நினைவில்லை.

வானோக்கு எழுதியது:

மேலே எழுதிய இருவர் மீதும் மதிப்பு வைத்தே மாற்றுக் கருத்தைச் சொல்கிறேன். நான் ட்ரோன் ஒளிப்பதிவில் இருப்பவன். இந்தத் தடத்தில் 208 வளைவுகளும் 250 பாலங்களும் 16 சுரங்கங்களும் இருக்கின்றன என்று பயணிக்குச் சொல்லலாம், ஆனால் பெட்டிக்குள் அமர்ந்திருப்பவர் ஒரு நேரத்தில் ஒரு வளைவைத்தான் பார்க்கிறார். ஒரு தடம் மலையின் எந்த மடிப்பைப் பற்றிக்கொண்டு போகிறது, எந்த ஓடையைத் தவிர்க்க எங்கே திரும்புகிறது, ஏன் அந்த இடத்தில் பாறையைக் குடைய வேண்டியிருந்தது என்பதெல்லாம் உயரத்திலிருந்து பார்த்தால்தான் புரியும். 1899இல் குன்னூர் வரையும் 1908இல் உதகை வரையும் தடம் போட்டவர்கள் கருவிகளோடு மலையை அளந்து மனத்துக்குள் வரைந்த படம் அதுதான். தடம் போட்டவர்களின் அறிவைக் காட்ட ட்ரோனை விடச் சிறந்த கருவி எது? அதை அழகு காட்டும் பொம்மையாகப் பயன்படுத்துவது பயன்படுத்துபவரின் குறையே.

கல்லாறு எழுதியது:

வானோக்கு அவர்களின் வாதத்தில் வலு இருக்கிறது. தடத்தின் அமைப்பை விளக்கும் காட்சி படத்தில் ஒன்றிரண்டு வேண்டும் என்பதை ஏற்கிறேன். என் மறுப்பு அளவைப் பற்றியது. நேர் மேலிருந்து பார்க்கும் கேமராவுக்குச் சரிவு என்று ஒன்றே கிடையாது. மலையும் சமவெளியும் அதற்கு ஒரே தளம். முக்கால் மணி நேரம் அப்படிக் காட்டிவிட்டு, இந்த ரயில் பெரும்பாடுபட்டு ஏறுகிறது என்று பின்னணிக் குரலில் சொன்னால் யார் நம்புவார்கள்?

காடும் இருக்கிறது. கல்லாற்றுப் பகுதி யானைகள் கடக்கும் வழித்தடம். ட்ரோனின் இரைச்சல் அவற்றைக் கலைக்கும். கலைந்த யானை எந்தப் பக்கம் ஓடும் என்று யாரும் சொல்ல முடியாது, சற்று நேரத்தில் அதே தடத்தில் ரயில் வரும். வனத்துறை அனுமதி இல்லாமல் அங்கே பறக்கவிடுவது சட்டப்படியும் தவறு. எதிர்ச்சரிவில் இருக்கும் தேயிலைத் தோட்டங்களில் முறையாக அனுமதி கேட்டு, ஒரு மேட்டில் நீண்ட லென்ஸோடு காத்திருங்கள். வானோக்கு சொல்லும் தடத்தின் வரைபடமும் கிடைக்கும், ஏற்றமும் தெரியும்.

அப்படி நின்று எடுக்கும்போது ஒரு சோதனை வரும். பல்தண்டவாளப் பகுதியில் ரயிலின் வேகம் மணிக்கு 13 கிலோமீட்டர்தான். முழு ரயிலும் ஒரு பாலத்தைக் கடந்து முடிக்கக் கால் நிமிடத்துக்கும் மேல் ஆகும். படத்தொகுப்பு மேசையில் அதை வேகப்படுத்தச் சொல்வார்கள், அல்லது நான்கு நொடியில் வெட்டச் சொல்வார்கள். இரண்டுக்கும் இணங்காதீர்கள். பொறுமையாகப் பார்க்கும் ஒருவருக்குத்தான் அந்த எஞ்சின் என்ன செய்கிறது என்பது புலப்படும். சுவிட்சர்லாந்தின் வின்டர்தூரில் வடிவமைக்கப்பட்ட இந்த எக்ஸ் வகை எஞ்சினின் ஒவ்வொரு பக்கமும் இரண்டு சிலிண்டர்கள் ஒன்றன்மேல் ஒன்றாக இருக்கின்றன. சமதளத்தில் ஒரு ஜோடி மட்டுமே இயங்கும். பல்தண்டவாளத்தில் ஏறியதும், முதல் ஜோடியில் வேலை செய்து முடித்த அதே நீராவி இரண்டாம் ஜோடிக்குப் போய்ப் பல்சக்கரத்தைச் சுழற்றும். கல்லாற்றில் பல்தண்டவாளம் தொடங்கும் இடத்தில் தரையோடு தரையாகக் கேமராவை வையுங்கள். ரயில் ஏறக்குறைய நின்றுவிடும் அளவுக்கு மெதுவாக வந்து, சக்கரப் பற்கள் தண்டவாளப் பற்களைத் தேடிப் பிடித்து, ஓர் அதிர்வோடு இறுகி, அதன் பிறகே மேலே நகரும். அங்கே காத்திருந்து எடுத்த ஒரு நீண்ட ஷாட்டை என் வேலையிலேயே சிறந்ததாகக் கருதுகிறேன்.

திரைத்தடம் எழுதியது:

இந்தத் தடத்துக்கும் ஒளிப்பதிவுக்கும் உள்ள பழைய உறவைப் பற்றிச் சிறிது சேர்க்கிறேன். 1890களின் இறுதியில், திரைப்படம் பிறந்த உடனேயே, எஞ்சினின் முகப்பில் கேமராவைக் கட்டி எடுத்த ரயில் பயணப் படங்கள் மேலை நாடுகளில் பெரும் வரவேற்பைப் பெற்றன. ஏறும்போது எஞ்சின் பின்னாலும் பெட்டி முன்னாலும் இருக்கும் நீலகிரி ரயில், அந்த வகைக் காட்சிக்கென்றே அமைந்தது போல இருக்கிறது. தென்னிந்தியாவில் ஊர் ஊராகப் படம் காட்டத் தொடங்கிய சாமிக்கண்ணு வின்சென்ட்டும் திருச்சியில் ரயில்வே ஊழியராக இருந்தவரே. 1905இல் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியை வாங்கிக்கொண்டு வேலையை விட்டு வெளியேறிய அவர், பின்னர் இந்த மலையின் அடிவாரத்துக் கோவையில் வெரைட்டி ஹால் அரங்கைக் கட்டினார்.

ஆனால் நான் முக்கியமாகச் சொல்ல வந்தது பாலு மகேந்திராவைப் பற்றி. மட்டக்களப்பில் பிறந்த அவர், பள்ளி மாணவனாக இருந்தபோது ஆங்கிலேய இயக்குநர் டேவிட் லீன் இலங்கையில் நடத்திய படப்பிடிப்பை நேரில் கண்டார். இயக்குநர் மழை என்று ஆணையிட்டதும் மழை பெய்ததைப் பார்த்தே இந்தத் தொழிலுக்கு வர முடிவு செய்ததாகப் பிற்காலத்தில் அவரே கூறியிருக்கிறார். 1982இல் வெளிவந்த மூன்றாம் பிறையின் இறுதிக் காட்சியை அவர் இதே தடத்தின் கேத்தி நிலையத்தில் எடுத்தார். அந்தப் படத்தின் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருதும் கிடைத்தது. அடுத்த இரண்டே ஆண்டுகளில் டேவிட் லீனின் 'எ பாசேஜ் டு இந்தியா' படத்திலும் இதே மலை ரயில் இடம்பெற்றது. பாலத்தின் மேல் போகும் ரயிலின் வெளிப்புறத்தில் ஒருவர் தொற்றிக்கொண்டு வரும் காட்சியை நீங்களும் பார்த்திருப்பீர்கள். அதன் ஒளிப்பதிவாளர் எர்னஸ்ட் டே, லீனின் முந்தைய படங்களில் கேமராவை இயக்கியவராக வளர்ந்து, ஒளிப்பதிவாளரானவர்.

கல்லாறு அவர்களிடம் இங்கே எனக்கு ஒரு கேள்வி உண்டு. கேத்திக் காட்சியில் பல்தண்டவாளமும் இல்லை, நீராவி எஞ்சினின் நுட்பமும் இல்லை. ஒரு சிறிய நடைமேடை, கிளம்பப்போகும் ரயில், விட்டுப் பிரிய முடியாத ஒரு மனிதன், அவ்வளவுதான். தமிழர் மனத்தில் இந்த ரயிலை நிலைநிறுத்திய காட்சி அதுவே. எஞ்சினின் இயக்கத்தைக் காட்டினால்தான் மலை ரயிலின் உயிர் வரும் என்பது எல்லாப் படங்களுக்கும் பொருந்துமா?

கல்லாறு எழுதியது:

பொருந்தும் என்றே நினைக்கிறேன். அந்தக் காட்சி ஏன் நெஞ்சை அறுக்கிறது என்று ஒளிப்பதிவாளனாக யோசித்திருக்கிறேன். வேகமாகக் கிளம்பும் ரயிலாக இருந்தால் பிரிவு ஒரு நொடியில் முடிந்திருக்கும். இந்த ரயில் மெதுவாகத்தான் கிளம்பும். கூடவே ஓட முடியும், ஜன்னலில் இருக்கும் முகத்தைப் பார்த்துக்கொண்டே எதையாவது செய்து நினைவூட்டப் பார்க்க முடியும். எஞ்சினைக் காட்டாவிட்டாலும் அதன் இயல்பை அவர் முழுமையாகப் பயன்படுத்தியிருக்கிறார். 1998இல் வந்த 'தில் சே' (தமிழில் 'உயிரே') படத்துக்காக ஒளிப்பதிவாளர் சந்தோஷ் சிவன் இதே ரயிலின் கூரையில் ஒரு பாடல் முழுவதையும் எடுக்க முடிந்ததற்கும் இந்த மெதுவான ஓட்டமே அடிப்படை. கூரையில் ஆட்களும் கேமராவும் ரயிலோடு சேர்ந்து நகர்வதால், அசைவெல்லாம் பின்னணி மலைகளுக்குப் போய்விடுகிறது. இந்த மூன்று குழுவினரும் ரயில் எப்படி ஓடுகிறது என்பதிலிருந்தே காட்சியை யோசித்திருக்கிறார்கள் என்பது என் கருத்து.

பதுளைத்தடம் எழுதியது:

இலங்கையின் மலையகத்திலிருந்து எழுதுகிறேன். எங்கள் புகையிரதப் பாதை அகலப் பாதை, பல்தண்டவாளம் கிடையாது. பட்டிப்பொளையில் 1,898 மீட்டர் உயரத்தை எட்டி, பிறகு பதுளையை நோக்கி இறங்குகிறது. தெமோதரையில் பாதை ஒரு வட்டம் சுற்றி வந்து, நிலையத்துக்கு நேர் கீழே உள்ள சுரங்கத்துக்குள் நுழைகிறது. ஒன்பது வளைவுப் பாலத்தின் மேல் ரயில் வரும் காட்சியை உலகமே படம் எடுத்துக்கொண்டிருக்கிறது.

நான் சொல்ல வருவது வேறு. முதலில் கோப்பியையும் பின்னர் தேயிலையையும் கொழும்புக்குக் கொண்டுபோகவே இந்தப் பாதை மலைக்கு வந்தது. அந்தத் தேயிலையைக் கிள்ளியவர்கள் தமிழ்நாட்டிலிருந்து கொண்டுவரப்பட்ட எங்கள் முன்னோர். இங்கே வந்து எடுக்கப்படும் படங்களில் பச்சை மலையும் நீலப் பெட்டிகளும் தெரிகின்றன. கொழுந்து பறிக்கும் பெண்கள் வண்ணச் சேலையில் தொலைவில் தெரிகிறார்கள். தோட்டத் தொழிலாளர்கள் வாழும் பாதையோரத்து லயன் அறைகள் வந்ததும் கேமரா திரும்பிக்கொள்கிறது. நீலகிரியிலும் தோட்டங்கள் இருக்கின்றன. இங்கிருந்து தாயகம் திரும்பிய எங்கள் உறவினர் பலர் அந்தத் தோட்டங்களில்தான் குடியேறினார்கள். நிழல்ஒளி அவர்கள் தம் படத்தில் அவர்களையும் சேர்ப்பாரானால், அந்த ரயிலைத் தினமும் வேலைக்கு நடுவில் நிமிர்ந்து பார்க்கிறவர்களின் பக்கத்திலிருந்தும் ஒரு பார்வை கிடைக்கும்.

நிழல்ஒளி எழுதியது:

இத்தனை அக்கறையான பதில்களை நான் எதிர்பார்க்கவில்லை. முன்மேடை ஐயா சொன்ன இறக்கத்தைப் படத்தின் இரண்டாம் பாதியாக வைக்கலாம் என்று தயாரிப்பாளரிடம் எழுதியிருக்கிறேன். பதுளைத்தடம் சொன்னதையும் மனத்தில் வைத்துக்கொண்டேன். கல்லாறு அவர்களிடம் மேலும் சில கேள்விகள். சுரங்கத்துக்குள் எக்ஸ்போஷரை எப்படிக் கையாள்வது? ஒலிப்பதிவை எப்படித் திட்டமிடுவது? எந்த மாதத்தில் வருவது? என் முதல் கேள்வியான பிழைப்பைப் பற்றியும் நீங்கள் இன்னும் சொல்லவில்லை.

கல்லாறு எழுதியது:

சுரங்கத்தில் தானியங்கி எக்ஸ்போஷரை அறவே நிறுத்திவிடுங்கள். வெளி வெளிச்சத்துக்கு வைத்த அளவை மாற்றாமல் உள்ளே போனால் திரை கறுத்துவிடும், தொலைவில் வாய்ப்பகுதி ஒரு புள்ளியாகத் தோன்றி வளரும். பல இடங்களில் அந்தக் கறுப்பே போதும். உள்ளே உள்ள பாறைச் சுவர் தெரிய வேண்டும் என்றால் அப்பர்ச்சரைக் கையால் மெல்லத் திறந்து, வெளிச்சம் நெருங்கும் முன்பே மூடத் தொடங்க வேண்டும். ஏறும்போது முன்மேடையில் புகைத் தொல்லை குறைவு, ஏனென்றால் எஞ்சின் பின்னால் இருக்கிறது. பெட்டிக்குள் நீண்ட லென்ஸ் எதற்கும் உதவாது. பற்கள் கடிபடும் அதிர்வு தரை வழியாக ஏறி வந்து, கேமராவை ஆடாமல் தாங்கும் கிம்பலையும் மீறிப் படத்தை நடுங்க வைக்கும்.

ஒலிக்கு இரண்டு கருவிகள் வேண்டும். முன்பெட்டியில் வைத்தால் பறவைகளும் ஓடைகளும் கேட்கும், எஞ்சின் எங்கோ இருக்கும். ஆகவே இன்னொன்றை எஞ்சினை ஒட்டிய பெட்டியில் வையுங்கள். பல்சக்கரம் இயங்கத் தொடங்கியதும் இரண்டு ஜோடி சிலிண்டர்களும் வெவ்வேறு தாளத்தில் ஒலிக்கும், இரண்டு மேளங்கள் ஒன்றையொன்று துரத்துவது போல. அதைப் பின்னணி இசையால் மூடிவிடாதீர்கள்.

காலத்தைப் பொறுத்தவரை, அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவமழை குன்னூர்ச் சரிவில் மண்ணைச் சரித்துத் தடத்தை மூடிவிடும். அந்த மாதங்களில் ரயில் ஓடும் என்று நம்பி ஆட்களை அழைத்து வராதீர்கள். ஜனவரியும் பிப்ரவரியும் நல்லவை. காற்று குளிர்ந்திருக்கும், ஆவி திரளும், வானம் தெளிந்திருக்கும். அனுமதி தெற்கு ரயில்வேயிடமிருந்து வர வேண்டும். தடம் சேலம் கோட்டத்தின் கீழ் இருக்கிறது. கதைச் சுருக்கம், ஆட்களின் பட்டியல், எந்த நிலையத்தில் எத்தனை மணிக்கு என்ற விவரம் ஆகியவற்றைத் தெளிவாக எழுதிக் கொடுத்தால் கேள்விகள் குறையும்.

பிழைப்பு பற்றிய கேள்வியைத் தள்ளிப் போட்டது உண்மைதான். மலை ரயில்களை மட்டும் நம்பி வீட்டு வாடகை கொடுக்க முடியாது. நானும் திருமணம், விளம்பரம், கல்லூரிப் படம் என எல்லாவற்றையும் எடுத்துத்தான் குடும்பத்தை நடத்தினேன். ஆனால் மலைக்குப் போன ஒவ்வொரு முறையும், கேட்டவர்களுக்கு வேண்டிய காட்சியோடு, யாரும் கேட்காத காட்சிகளையும் எடுத்துத் தேதியிட்டுச் சேர்த்து வைத்தேன். நிலக்கரி எரித்த எஞ்சின்கள் பல எண்ணெய்க்கு மாறிவிட்டன, குன்னூருக்கும் உதகைக்கும் இடையே டீசல் வந்துவிட்டது, திருச்சியின் பொன்மலை ரயில்வே பணிமனை இந்தத் தடத்துக்கென்றே புதிய நீராவி எஞ்சின்களைக் கட்டித் தந்திருக்கிறது. ஒவ்வொரு மாற்றத்தின்போதும் பழைய காட்சிகளுக்குத் தேவை ஏற்பட்டது. பிற்காலத்தில் எனக்கு ஓரளவு நிலையான வருவாயைத் தந்தவை அந்தச் சேகரிப்புகளே. ஆகவே ஒப்பந்தம் எழுதும்போது, படத்தில் பயன்படாத காட்சிகளின் உரிமை உங்களிடம் இருக்கும்படி இப்போதே கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

முன்மேடை எழுதியது:

தம்பி, பிப்ரவரியில் வருவதாக இருந்தால் முன்கூட்டியே சொல்லுங்கள். இறக்கத்தில் வேலை செய்த என் பழைய தோழர்கள் சிலர் குன்னூரிலேயே இருக்கிறார்கள். எங்கெங்கே பிரேக்கை முழுவதும் இறுக்குவோம், எங்கே விட்டுப் பிடிப்போம் என்று இடம் இடமாகச் சொல்லித் தருவார்கள். அந்த இடங்களைக் குறித்துக்கொண்டு போனால், கை எப்போது அசையும் என்பது உங்கள் கேமராவுக்கு முன்பே தெரிந்திருக்கும்.